மழை பெய்வித்தது யார்?

‘தி ஆப்பிரிக்கன் குயின்’ என்கிற ஆங்கில சினிமாப் படம் 1951-ம் வருஷத்தில் வெளியானது. ஸி. எஸ். ஃபாரஸ்டர் என்னும் ஆங்கிலேயர் 1935-ல் எழுதிய நாவலை வைத்து ஜான் ஹூஸ்டன் எடுத்த படம் அது. அதில் நடித்ததற்காக ஹம்ப்ரி போகார்ட்டுக்குச் சிறந்த நடிகருக்கான ஆஸ்கார் பரிசும் கிடைத்தது. காதல், சிரிப்பு, படகுப் பயணம், யுத்தம் ஆகிய நான்கையும் சேர்த்து வெகு சாமர்த்தியமாகச் செய்யப்பட்ட படம் என்பதில் நமக்கும் ஆட்சேபணை இல்லை. அவ்வளவு சாமர்த்தியமாகச் செய்யப்பட்டிருப்பதாலேயே அதற்குள் இருக்கும் புரட்டை எடுத்துச் சொல்ல வேண்டியிருக்கிறது. கசப்பு மருந்தைத் துப்பிவிடுகிறவன்கூடச் சர்க்கரையில் வைத்துக் கொடுத்தால் விழுங்கிவிடுகிறான் அல்லவா?

கதை இதுதான். 1914-ல் ஐரோப்பிய யுத்தம் மூண்ட சமயம். கிழக்கு ஆப்பிரிக்காவில் ஜெர்மானியர் ஆண்ட பகுதியில் ஓர் ஆங்கிலப் பாதிரியாரும் அவருடைய தங்கை ரோஸும் மதப்பிரசாரம் செய்து வருகிறார்கள். ஜெர்மன் படை வந்து குடிசைகளைக் கொளுத்திவிட்டு, கிராமத்து ஜனங்களைப் பிடித்துக்கொண்டு போகிறது. தடுக்கப்போன பாதிரியார் அடிபட்டு, ஜன்னி கண்டு சாகிறார். பழைய நீராவிப் படகு ஒன்றை ஓட்டிப் பிழைக்கும் சார்லி என்னும் குடிகாரன் அந்தத் தங்கையைப் படகில் ஏற்றிக்கொள்கிறான். ஆற்று வழியே இறங்கி, ஏரியில் காவல் காக்கும் ‘லூயிஸா’ என்கிற ஜெர்மன் போர்க்கப்பலை உடைத்துவிடுவோம் என்று ரோஸ் சொல்கிறாள். அவன் முதலில் பைத்தியக்காரத்தனம் என்கிறான், பிறகு ஒப்புக்கொள்கிறான்.

இதற்குப் பிறகு நடப்பதெல்லாம் யாருடைய காரியம் என்று பாருங்கள். யோசனை அந்தப் பெண்ணுடையது. அண்ணனுக்கு அடங்கி, கோயிலில் வாத்தியம் வாசித்துக் கிடந்தவள் சுக்கான் பிடிக்கிறாள். நீர்வீழ்ச்சி போன்ற பாறை ஓட்டங்களில் படகைச் செலுத்துகிறாள். அவன் ஒளித்து வைத்த சாராயப் புட்டிகளை ஒவ்வொன்றாக ஆற்றில் கவிழ்க்கிறாள். படகின் அச்சுத்தண்டு வளைந்து, விசிறியில் ஒரு தகடு உடைந்துபோனபோது இருவரும் தண்ணீருக்குள் மூழ்கி அதைக் கழற்றுகிறார்கள். கரையில் தீ மூட்டித் தண்டை நிமிர்த்துகிறார்கள். புதுத் தகடு அடித்துப் பொருத்துகிறார்கள். நாணலில் படகு சிக்கியபோது அட்டை கடிக்கக் கடிக்க அவன் இறங்கிக் கயிறு கட்டி இழுக்கிறான். பிராணவாயு உருளைகளில் வெடிமருந்து திணித்து டார்பீடோ செய்கிறவனும் அவனே. இதில் எந்த இடத்தில் ஆகாயத்திலிருந்து ஒரு விரலாவது நீண்டு வந்து உதவி செய்தது?

இவ்வளவும் ஆன பிறகு படகு சேற்றில் புதைந்து நின்றுவிடுகிறது. அவனுக்குக் காய்ச்சல், அவளுக்குச் சோர்வு. உடனே ரோஸ் பிரார்த்தனை செய்கிறாள். படம் பார்க்கிறவர்களுக்கு மட்டும் மேலிருந்து ஏரி காட்டப்படுகிறது. அது கூப்பிடு தூரத்தில் இருக்கிறது. மேலாற்றில் மழை கொட்டுகிறது. வெள்ளம் வந்து, படகைத் தூக்கி ஏரியில் விடுகிறது. கொட்டகையில் இருப்பவர்களுக்குக் கண்ணீர் வருகிறது!

இந்த இடத்தில் நாம் சில கேள்விகள் கேட்கிறோம். முதலாவதாக, அவள் மழை கேட்கவே இல்லை. பிழைக்க வழியில்லை, எங்கள் இருவருக்கும் மோட்சக் கதவைத் திற என்றுதான் வேண்டினாள். மோட்சம் கேட்டவளுக்கு வெள்ளத்தை அனுப்பிய கடவுளுக்குக் காது மந்தமா, அல்லது கதை எழுதியவர்களுக்கு அவசரமா? இரண்டாவதாக, ஆயுள் முழுதும் பிரார்த்தனையே தொழிலாக இருந்த அண்ணன் கண்ணெதிரே கிராமம் எரிந்தது. அவர் வாய் ஓயாமல் ஜெபித்தபடியே செத்தார். அப்போது ஒரு துளி மழை பெய்து அந்தக் கூரைகளின் நெருப்பையாவது அணைத்திருக்கக்கூடாதா? மூன்றாவது கேள்விதான் முக்கியம். ஏரிக்கு வந்தவர்கள் ராத்திரியில் கப்பலைத் தாக்கப் புறப்படும்போது புயல் அடித்து, படகு கவிழ்ந்துவிடுகிறது. படகைத் தூக்கிவிட்ட மழை கடவுளுடையது என்றால், கவிழ்த்த புயல் யாருடையது? வரவை மட்டும் சுவாமி பேரில் எழுதி, செலவைக் காற்றின் பேரில் எழுதுகிற கணக்கை எந்த மளிகைக் கடைக்காரனாவது ஒப்புக்கொள்வானா?

இன்னுமொரு வேடிக்கை. நாவலில் அந்த இருவரும் ஜெர்மன் கப்பலை மூழ்கடிப்பதே இல்லை. படகு புயலில் போய்விடுகிறது; அவர்கள் பிடிபட்டு, ஆங்கிலேயரிடம் ஒப்படைக்கப்படுகிறார்கள்; பிறகு ஆங்கிலேயரின் மோட்டார்ப் படகுகள்தான் அக்கப்பலை அழிக்கின்றன. முயற்சி செய்தவர்களும் தோற்பதுண்டு என்பதை ஃபாரஸ்டர் ஒளிக்கவில்லை. படம் எடுத்தவர்களோ, கவிழ்ந்து மிதக்கும் படகின் மேல் கப்பலே வந்து மோதி வெடிக்கும்படி செய்துவிட்டார்கள்.

நிற்க, இந்தக் கதைக்குப் பின்னால் நிஜமான சரித்திரம் ஒன்று இருக்கிறது. தாங்கனீகா ஏரியில் ஜெர்மானியருக்கு ‘கிராஃப் ஃபான் கோட்ஸன்’ என்ற கப்பல் இருந்தது. ஜெர்மனியில் கட்டி, கழற்றி, சுமார் 5,000 பெட்டிகளில் அடைத்து, கடலிலும் ரயிலிலும் கொண்டுவந்து, ஏரிக்கரையில் மறுபடி பூட்டி 1915-ல் நீரில் இறக்கினார்கள். எதிர்த்துப் போரிட ஆங்கிலேயர் ‘மிமி’, ‘டூடூ’ என்று 40 அடி நீளமுள்ள இரண்டு மோட்டார்ப் படகுகளைத் தென்னாப்பிரிக்காவில் இறக்கி, ரயில் தீர்ந்த இடத்திலிருந்து காட்டையும் மலையையும் கடத்திக்கொண்டு போனார்கள். நூற்றுக்கும் மேற்பட்ட பாலங்கள் போடப்பட்டன. மரம் வெட்டியதும், பாதை போட்டதும், மாட்டோடு மாடாக இழுத்ததும் ஆப்பிரிக்கர்களே. இழுத்துச் சென்ற நீராவி வண்டிகளுக்குத் தண்ணீர் இல்லாமல் போனபோது யாரும் முழங்காலிட்டு மழையை வரவழைக்கவில்லை. அவ்வூர்ப் பெண்கள் தலையில் குடம் குடமாகச் சுமந்துவந்து ஊற்றினார்கள், வண்டி நகர்ந்தது.

அந்தப் பெண்களில் ஒருத்தியையாவது படத்தில் பார்த்தீர்களா? படத்தில் ஆப்பிரிக்கர்கள் வருவது பெரும்பாலும் ஆரம்பத்தில்தான். அங்கே புரியாத பாஷையில் கீதம் பாடத் தெரியாமல் கத்துகிறார்கள்; சார்லி வீசியெறிந்த சுருட்டுத் துண்டுக்கு அடித்துக்கொள்கிறார்கள். நாம் சிரிக்க வேண்டும் என்பதற்காக இது. பிறகு ஜெர்மானியர் பிடித்துக்கொண்டு போகிறார்கள். அவர்கள் என்ன ஆனார்கள் என்று கதாநாயகனும் கேட்கவில்லை, கதாநாயகியும் கேட்கவில்லை, மழை அனுப்பிய கடவுளும் கேட்கவில்லை. அந்த யுத்தத்தில் ஆங்கிலேயருக்காகச் சுமை தூக்கி மாண்ட ஆப்பிரிக்கர்கள் மட்டும் ஏறத்தாழ 95,000 பேர் என்று சரித்திர ஆசிரியர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். பெரும்பாலோர் குண்டு பட்டுச் சாகவில்லை. நோயிலும் பசியிலும் செத்தார்கள். அவர்களும் அவரவர் தெய்வத்தை அழைத்திருப்பார்கள்.

‘ஐயா, இது வேடிக்கைப் படம், இதற்கு ஏன் இவ்வளவு விவாதம்?’ என்று சிலர் கேட்கலாம். சிரிப்பதையும் காதலையும் நாம் வேண்டாம் என்று சொல்லவில்லை. பாடுபட்டவர்களின் பலனைப் பாடுபடாதவன் பேரில் எழுதாதே என்றுதான் சொல்கிறோம். அந்த எழுத்தில் இரண்டு திருட்டுகள் நடந்திருக்கின்றன. ரோஸ் என்ற பெண்ணின் புத்தியும் தைரியமும் சம்பாதித்ததை ஆகாயம் எடுத்துக்கொண்டது. பெயர் தெரியாத ஆயிரக்கணக்கான கறுப்பு மக்கள் சம்பாதித்ததை வெள்ளைக்காரர் இருவர் எடுத்துக்கொண்டார்கள். முதல் திருட்டைப் பக்தி என்றும், இரண்டாவதை வீரம் என்றும் சொல்கிறார்கள்.

‘கோட்ஸன்’ கப்பலை டார்பீடோவும் மூழ்கடிக்கவில்லை, தெய்வமும் மூழ்கடிக்கவில்லை. 1916-ல் பின்வாங்கிய ஜெர்மானியர், யந்திரங்களில் மசகு பூசிப் பத்திரப்படுத்தி, தாங்களே அதை ஏரியில் அமிழ்த்தினார்கள். 1924-ல் ஆங்கிலேயர் வெளியே எடுத்தார்கள். பழுது பார்க்கப்பட்டு, ‘லியெம்பா’ என்ற பெயரில் 1927 முதல் பல பத்தாண்டுகள் அது ஏரிக்கரை ஊர்களின் ஜனங்களையும் மூட்டைகளையும் ஏற்றிச் சென்றது. பூசியது மனிதன் கை. எடுத்ததும், ஓட்டியதும் மனிதன் கை.

ஆகவே தோழர்களே, இப்படத்தைப் பார்க்க நேர்ந்தால் தாராளமாகப் பாருங்கள். சிரிக்க வேண்டிய இடத்தில் சிரியுங்கள். மழை வரும் காட்சியில் மட்டும் பக்கத்தில் இருப்பவரை ஒரு கேள்வி கேளுங்கள்: மேலாற்றில் பெய்த மழை கீழாற்றுக்கு வர எந்தச் சாமியின் உத்தரவு வேண்டும்?