அழித்தால் யாருக்கு இலாபம்?

நம்மைப் பற்றி நஞ்சு கக்கும் திரைப்படம் வெளிவந்தால் நம் இளைஞர்கள் எழுப்பும் முதல் முழக்கம் "தடை செய்!" என்பதுதான். அந்தக் கோபம் நியாயமானது. ஆனால் படம் திரையரங்கை விட்டுப் போன பிறகு? இணையத்தில் இயங்கும் திரைப்படக் காப்பகங்களிலும் அது இருக்கக் கூடாது, அடியோடு அழிக்க வேண்டும் என்று கேட்கலாமா?

கேட்கக் கூடாது என்கிறோம்!

1940இல் ஜெர்மனியில் 'யூட் சூஸ்' என்றொரு படம் வந்தது. எடுக்கச் செய்தவர் ஹிட்லரின் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ். இயக்கியவர் ஃபெய்ட் ஹார்லன். 1738இல் ஸ்டுட்கார்ட்டில் தூக்கிலிடப்பட்ட ஒரு யூதரின் வரலாற்றைத் திரித்து, யூதன் என்றாலே பணப்பேய், பெண்களைச் சீரழிப்பவன், ஊரை விட்டே விரட்டப்பட வேண்டியவன் என்று மக்கள் நெஞ்சில் பதித்தது அது. சுமார் 2 கோடிப் பேர் பார்த்தார்கள். எஸ்.எஸ். படையினரும் காவல்துறையினரும் பார்த்தாக வேண்டும் என்று ஹிம்லர் ஆணையிட்டார். பிறகு யூதர்களுக்கு நடந்ததை உலகமே அறியும்.

போர் முடிந்ததும் ஹார்லன் மீது மனித குலத்துக்கு எதிரான குற்றவழக்கு. 1949இல் விடுதலை, மறுவிசாரணையில் 1950இல் மீண்டும் விடுதலை! 1954இல் அதே ஹார்லன், மிச்சமிருப்பது இது ஒன்றுதான் என்று சொல்லி, அந்தப் படத்தின் நெகட்டிவை எரித்தார். சிந்தியுங்கள் சகோதரர்களே! படம் இல்லாமல் போனால் இலாபம் யாருக்கு? அடிபட்டவனுக்கா, எடுத்தவனுக்கா?

எரித்தும் ஒழியவில்லை. சில ஆண்டுகளில் வேறு பிரதிகள் தலைகாட்டின. அரபியில் குரல் சேர்த்த பிரதிகள் அரபு நாடுகளிலும் புழங்கின. (யாரை இழிவுபடுத்தினாலும் நஞ்சு நஞ்சுதான், அரபியில் ஊற்றிக் கொடுத்தாலும் சரி!)

இன்று அதன் உரிமை வீஸ்பாடன் நகரிலுள்ள முர்னாவ் அறக்கட்டளையிடம் இருக்கிறது. இத்தகைய சுமார் 40 நாஜிப் படங்களை அவர்கள் அழிக்கவில்லை, கடைக்கும் அனுப்பவில்லை. விளக்கவுரையும் கலந்துரையாடலும் இருந்தால்தான் திரையிட அனுமதி. கள்ளநோட்டை மறுபடி புழக்கத்தில் விடவும் கூடாது, கிழித்தெறியவும் கூடாது என்பது நம் வியாபாரிகளுக்குத் தெரியாததா?

இதிலும் ஒரு குறை உண்டு. முறையாகப் பார்க்க விரும்பும் மாணவன் அனுமதிக்குக் காத்திருக்கிறான். வெறியனோ விளக்கவுரை இல்லாத திருட்டுப் பிரதியை இணையத்தில் எடுத்துக்கொள்கிறான். எனவே இணையக் காப்பகங்களே படத்தோடு அதன் குற்றக் கதையையும் சேர்த்து வைப்பதுதான் மேல்.

இன்னொன்று. அழிக்கும் அதிகாரம் நம் கையிலா இருக்கிறது? 2002 குஜராத் படுகொலை பற்றி ராகேஷ் சர்மா எடுத்த 'ஃபைனல் சொல்யூஷன்' ஆவணப்படத்துக்கு 2004இல் தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுத்தது. எதிர்ப்பு கிளம்பி, மாதங்கள் கழிந்த பிறகே கிடைத்தது. 2023 ஜனவரியில் பி.பி.சி.யின் குஜராத் ஆவணப்படத்தை யூடியூபிலும் ட்விட்டரிலும் முடக்க ஒன்றிய அரசு ஆணையிட்டது. "பிரச்சாரப் படம்" என்றது அரசு. வெறுப்புப் படங்களைப் பற்றி நாம் சொல்லும் அதே வார்த்தை! அழிப்பது நியாயம் என்று நாமே ஒப்புக்கொண்டால், நம் சாட்சிகள் அழிக்கப்படும்போது எந்த வாயால் தட்டிக் கேட்பது?

வெறுப்புப் படம் வரும்போது எதிர்ப்போம், நீதிமன்றம் செல்வோம். காப்பகங்களுக்கு எழுதும்போது மட்டும் "நீக்கு" என்று எழுதாமல், எடுத்தவர் யார், பணம் போட்டவர் யார், அந்தப் படத்தைக் காட்டி எந்த ஊரில் யார் தாக்கப்பட்டார் என்ற விவரங்களைப் படத்துடன் சேர்க்கக் கோருவோம். பத்திரிகைச் செய்திகள், காவல்நிலையப் புகார் நகல்கள், வழக்கு எண்கள் ஆகியவற்றைத் திரட்டும் வேலையை ஒவ்வொரு ஊரிலும் இரண்டு இளைஞர்கள் இன்றே தொடங்கலாம்.