நூறு ரூபாய் இடிக்கிற கணக்கு

பதினொன்றாம் வகுப்பு படிக்கிற பக்கத்து வீட்டுப் பொண்ணு ஒரு நாள் சாயங்காலம் கணக்கு நோட்டோடு திண்ணைக்கு வந்தது. பாடம் அசமன்பாடுகள். ஒருவர் இரண்டு வேலை பார்க்கிறார். இத்தனை மணி நேரத்துக்கு மேல் அவரால் உழைக்க முடியாது. இத்தனை ரூபாய்க்குக் குறைந்தால் குடும்பம் ஓடாது. எந்த வேலைக்கு எவ்வளவு நேரம் ஒதுக்கலாம்?

"மாமா, இது புரியவே மாட்டேங்குது" என்றது. "உங்க அம்மாவோட கணக்குதான் பாப்பா இது" என்றேன்.

அந்த அம்மாவுக்கு அரை ஏக்கர் காய்கறி. மீதி நாளில் கூலிக்குப் போகிறார். இரண்டு வருஷமாக நம் கூட்டத்துக்கு வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்து எல்லாம் கேட்பார். ஆனால் இன்னும் இயற்கை வேளாண்மைக்கு மாறவில்லை. "மனசு வரல, அதான்" என்று நம்மில் பலர் பேசினோம். நானும் பேசியிருக்கிறேன்.

அன்றைக்கு அம்மாவையும் பக்கத்தில் உட்கார வைத்து, சுமாரான தொகை போட்டு எழுதினோம். சொந்த வயல் நாள் 'சொ', கூலி நாள் 'கூ'. மாதத்தில் 25 நாளுக்கு மேல் உடம்பு தாங்காது:

சொ + கூ ≤ 25

வயலில் ஒரு நாள் உழைத்தால் செலவு போகக் கையில் நிற்பது 250 ரூபாய். கூலி 400. மாதம் 8,000 ரூபாய்க்குக் குறைந்தால் கடன்தான்:

250 சொ + 400 கூ ≥ 8,000

வயலை விட்டுவிடாமல் பார்க்க 10 நாளாவது வேண்டும்:

சொ ≥ 10

மூன்றும் சேர்ந்து பொருந்த வேண்டும். வயலில் 13 நாள், கூலிக்கு 12 நாள் போனால் 8,050 வருகிறது. வயலில் 14 நாள் நின்றால் 7,900தான். ஆக, 10க்கும் 13க்கும் நடுவில்தான் அந்த அம்மாவின் வாழ்க்கை.

இப்போது இயற்கை வழிக்கு வருவோம். களைக்கொல்லி கிடையாது, கையால்தான் களை. பூச்சிவிரட்டி அரைக்கணும், ஜீவாமிர்தம் கலக்கணும். 10 நாள் வேலை 14 நாளாகிறது. தொடக்கத்தில் விளைச்சல் குறையலாம், உரச் செலவும் குறையும். அதனால் அந்த 250 அப்படியே நிற்பதாக வைத்துக்கொள்வோம். சொ ≥ 14 என்று எழுதியதும் அந்தப் பொண்ணு சொன்னது: "மாமா, இதுக்குத் தீர்வே இல்லையே!"

நூறு ரூபாய் இடிக்கிறது. மனசு இல்லாமல் இல்லை, கணக்கில் இடம் இல்லை.

ஆனால் இதே கணக்கு வழியையும் காட்டுகிறது. ஒரு நாளுக்குக் கையில் நிற்பது 250க்குப் பதில் 260 ஆனால் 14 நாளும் பொருந்திவிடும், 8,040 வரும். வாரச்சந்தையில் நாமே கூட்டாக விற்றால் அந்தப் பத்து ரூபாய் வராதா? அல்லது தள்ளுற வீடர் ஒன்றைக் குழுவாக வாங்கிச் சுற்றில் விட்டால் 14 நாள் வேலை 12 ஆகும். அப்போது 8,200 வரும். "மாறுங்க, மாறுங்க" என்று மைக்கில் சொல்வதைவிட இந்த இரண்டில் ஒன்றைச் செய்வது நம் இயக்கத்தின் வேலை என்பது என் கருத்து.

இந்தக் கணக்கில் எதைச் சேர்ப்பது, எதை விடுவது என்பதுதான் பெரிய அரசியல். குறைந்தபட்ச ஆதரவு விலையும் ஓர் அசமன்பாடுதான்: செலவைப் போல ஒன்றரை மடங்குக்குக் குறையக் கூடாது. எம்.எஸ். சுவாமிநாதன் தலைமையிலான தேசிய விவசாயிகள் ஆணையம் சொன்னதும் செலவுக்கு மேல் 50 சதவீதம். ஆனால் அரசு போடுகிற செலவுக் கணக்கில் கைக்காசும் குடும்ப உழைப்பும் மட்டுமே உண்டு. சொந்த நிலத்தின் வாடகையும் சொந்த முதலுக்கான வட்டியும் சேராது. அதைச் சேர்க்கச் சொல்லித்தான் உழவர்கள் போராடுகிறார்கள். காய்கறிக்கோ அந்த ஆதரவு விலையும் கிடையாது.

நம் வீட்டுக் கணக்கும் யோக்கியம் இல்லை. அந்த அம்மா விடியலில் எழுந்து சமைப்பது, தண்ணி பிடிப்பது, மாடு பார்ப்பது எதுவும் அந்த 25 நாளுக்குள் வராது. அதையும் எழுதினால் 25 எத்தனையாகச் சுருங்கும்?

அடுத்த கூட்டத்துக்கு வரும்போது ஆளுக்கொரு தாளில் இந்த மூன்று வரியை எழுதிக்கொண்டு வாங்க. 'இவ்வளவுக்கு மேல் முடியாது', 'இவ்வளவுக்குக் குறையக் கூடாது' என்பதை உங்க தொகையிலேயே எழுதுங்க. யாருக்கு எங்கே இடிக்கிறது என்று தெரிந்தால்தான் சேர்ந்து தள்ள முடியும்.