பிடிபடாதவையும் பிடிவாதக்காரர்களும்

போக்கிமான் விளையாடிய ஒருவரைப் பற்றித் தெரிந்துகொள்ள ஒரே ஒரு கேள்வி போதும். "மாஸ்டர் பாலை எதன் மேல் எறிந்தீர்கள்?" (குடிக்கிற பால் இல்லை, பந்து!) சிலர் பெருமையாக "மியூட்டூ" என்பார்கள். சிலர் பட்டனை மாற்றி அழுத்தி ஏதோ ஒரு அற்ப ஜந்துவின் மேல் வீணடித்த கதையைச் சொல்லி அசடு வழிவார்கள். இன்னும் சிலர் இருக்கிறார்கள்... ஆட்டம் முடிந்து வருஷக்கணக்கான பிறகும் அது பையிலேயே பத்திரமாக இருக்கும்!

அந்த மூன்றாவது ரகத்தைப் பார்த்து மற்றவர்கள் சிரிப்பது வழக்கம். சிரிக்க வேண்டியதில்லை. ஆட்டத்தை அதன் அர்த்தம் புரிந்து ஆடியவர்கள் அவர்கள்தான்.

விளையாடாதவர்களுக்காக ஒரு சின்ன விளக்கம். 1996 பிப்ரவரியில் ஜப்பானில், நிண்டெண்டோவின் கேம்பாய் என்ற கையடக்கக் கருவிக்காக, சிவப்பு, பச்சை என்று இரண்டு பதிப்புகளாக வந்த ஆட்டம் இது. புல்வெளியில் நடந்தால் விசித்திர ஜந்துகள் எதிர்ப்படும். சண்டை போட்டுக் களைக்க வைத்து, பந்தை எறிந்து பிடிக்க வேண்டும். ஒவ்வொரு ஜந்துக்கும் உள்ளே மறைவாக ஒரு எண் உண்டு. எண் பெரிதாக இருந்தால் சுலபமாக மாட்டும். கேட்டர்பி என்ற புழுவுக்கு அந்த எண் 255. மியூட்டூவுக்கு வெறும் 3! மாஸ்டர் பால் எறிந்தால் இந்தக் கணக்கெல்லாம் கிடையாது. எறிந்தால் மாட்டியது மாட்டியதுதான்.

இந்த ஆட்டத்தை உருவாக்கிய சதோஷி தஜிரி சிறுவயதில் பூச்சிப் பைத்தியம். டோக்கியோ அருகே மச்சிதாவில் வளர்ந்தவர். 1999-ல் டைம் பத்திரிகைக்குக் கொடுத்த பேட்டியில் வண்டு பிடித்த கதையைச் சொல்லியிருக்கிறார். மற்ற பிள்ளைகள் மரப்பட்டையில் தேன் தடவிவிட்டுக் காத்திருப்பார்களாம். இவர் மரத்தடியில் ஒரு கல்லை மட்டும் வைத்துவிட்டுப் போய்விடுவாராம். அந்த வண்டுகள் பகலில் தூங்கும், அதுவும் கல்லுக்கு அடியில் தூங்கத்தான் பிடிக்கும் என்பது அவருக்குத் தெரியும். காலையில் வந்து கல்லைப் புரட்டினால் வண்டு!

அந்தக் கல்லில்தான் எல்லாமே இருக்கிறது. வண்டு பிடிக்க அவருக்கு வலை தேவைப்படவில்லை, ஓட்டமும் தேவைப்படவில்லை. வண்டின் பழக்கம் தெரிந்திருந்தது, அவ்வளவுதான். ஒன்றைப் பிடிப்பது என்றால் அதை அறிந்துகொள்வது. ஆட்டத்தில் எந்த அரிய ஜந்துவாக இருந்தாலும், "இதைப் பிடிக்க இதைப் பற்றி ஏதாவது தெரிந்துகொள்ள வேண்டியிருந்ததா?" என்று கேட்டுப் பார்த்தால் போதும், நல்ல வேட்டை எது, வெறும் ஏமாற்று எது என்று பிரிந்துவிடும்.

நல்ல வேட்டைக்கு உதாரணம் 1999-ல் வந்த கோல்ட், சில்வர் பதிப்புகள். எக்ருடீக் நகரத்தில் எரிந்து போன கோபுரம் ஒன்று இருக்கும். அதன் அடித்தளத்தில் ரைக்கோ, என்டெய், சூக்கூன் என்று மூன்று மிருகங்கள் நிற்கும். கிட்டே போனதும் மூன்றும் பாய்ந்து ஓடிவிடும். அதன் பிறகு அவற்றுக்கென்று ஒரு இடம் கிடையாது, நாடு முழுவதும் திரியும். தப்பித்தவறி எதிரே வந்தாலும் தன் முறை வந்த உடனே ஓட்டம்!

முதல் நாள் எரிச்சலாகத்தான் இருக்கும். நாலாவது நாள் ஒன்று புரியும்: இந்த ஓட்டத்துக்கும் ஒழுங்கு இருக்கிறது. ஆட்டக்காரர் ஒரு பகுதியிலிருந்து இன்னொன்றுக்குப் போகும்போதுதான் மிருகமும் நகர்கிறது, அதுவும் பக்கத்துப் பாதைக்கு. அவசரப்பட்டுப் பறந்து போய்ப் பிடிக்கலாம் என்று பறவை மேல் ஏறினால் அது எங்கேயோ தாவிவிடும். ஆக, துரத்துபவனுக்கு அது கிடைக்காது. ஊர் எல்லையில் உள்ளேயும் வெளியேயும் பொறுமையாக நடந்து, வரைபடத்தில் அது நெருங்குவதைப் பார்த்துக்கொண்டிருப்பவனுக்குத்தான் கிடைக்கும்.

இன்னும் இருக்கிறது. ரிப்பெல் என்ற மருந்தை அடித்துக்கொண்டால், வரிசையில் முதலில் நிற்கும் போக்கிமானைவிட நிலை குறைந்த காட்டு ஜந்துகள் கிட்டே வராது. இந்த மிருகங்களோ 40-ஆம் நிலை. மற்ற ஜந்துகளைவிட நிலை உயர்ந்த, ஆனால் 40-ஐத் தாண்டாத ஒன்றை முன்னால் நிறுத்தினால், புல்லில் இருக்கும் சில்லறையெல்லாம் ஒதுங்கி, தேடி வந்தது மட்டும் எதிரே வரும். அப்படி வந்ததை அடித்துவிட்டால், ஓடினாலும் அந்தக் காயம் அடுத்த சந்திப்புவரை அப்படியே இருக்கும். அதிகமாக அடித்துச் சாகடித்தால் போச்சு, திரும்ப வராது! இத்தனையும் கற்று, பத்தாவது சந்திப்பிலோ இருபதாவது சந்திப்பிலோ ஒரு சாதாரணப் பந்தில் ரைக்கோவைப் பிடித்தவனிடம் பேசிப் பாருங்கள். ஒவ்வொரு பாதையும் மனப்பாடமாக இருக்கும். இத்தனைக்கும் அந்த ஆட்டத்தில் வழியில் கிடைப்பது ஒரே ஒரு மாஸ்டர் பால். ஓடுவதோ மூன்று! ஒன்றைப் பந்தே பார்த்துக்கொண்டாலும் மற்ற இரண்டுக்கும் ஆட்டக்காரர் கற்றுக்கொண்டே ஆகவேண்டும்.

2002-ல் வந்த ரூபி, சஃபையர் பதிப்புகளின் ஃபீபாஸ் மீனுக்குப் பாதி மார்க்தான் கொடுக்க முடியும். 119-ஆம் பாதையின் ஆற்றில் தூண்டில் போடக்கூடிய கட்டங்கள் 400-க்கும் மேல். அதில் ஆறே ஆறு கட்டங்களில்தான் அது இருக்கும். கட்டம் கட்டமாகப் போட்டுக்கொண்டே போக வேண்டும். ஒரு கட்டத்தில் ஒருமுறை மாட்டினால் அங்கேயே மறுபடியும் மாட்டும், அதுவரை நியாயம். ஆனால் அந்த ஆறு கட்டங்களும் எதைப் பொறுத்து அமைகின்றன தெரியுமா? எங்கேயோ ஒரு தீவில் ஊர்மக்கள் வாயில் அடிபடும் 'லேட்டஸ்ட் பேச்சு' எதுவோ அதைப் பொறுத்து! ஆற்றங்கரையில் நிற்பவன் இதை எப்படிக் கண்டுபிடிப்பான்? இது மீனின் பழக்கம் இல்லை, புரோகிராமரின் குறும்பு.

முட்டை மார்க் வாங்குவது மியூ. 1996 ஆட்டத்தின் கடைசி நேரத்தில், சோதனைக்கான பகுதிகளை நீக்கியதால் கிடைத்த துளி இடத்தில் ஷிகெகி மோரிமோட்டோ என்ற புரோகிராமர் அதைச் சொருகி வைத்தார். ஆட்டத்தின் வழியில் எங்கே தேடினாலும் கிடைக்காது. பிறகு கோரோகோரோ என்ற ஜப்பானியச் சிறுவர் இதழ் போட்டி வைத்து 20 பேருக்குக் கொடுத்தது. பிறகும் நிகழ்ச்சிகளுக்கு நேரில் போனவர்களுக்குத்தான் கிடைத்தது. அப்படி நிகழ்ச்சி எதுவும் நடக்காத ஊர்ப் பிள்ளை என்ன செய்யும்? எத்தனை மணி நேரம் ஆடினாலும், எவ்வளவு கற்றுக்கொண்டாலும் பட்டியலின் 151-வது இடம் காலிதான்.

அதனால்தான் வதந்தி பிறந்தது. வெர்மில்லியன் துறைமுகத்தில் நிற்கும் லாரியை நகர்த்தினால் அடியில் மியூ இருக்கும் என்று உலகம் முழுவதும் பிள்ளைகள் நம்பினார்கள். லாரி நகரவே நகராது. ஆனாலும் பாவம், அந்தப் பிள்ளைகள் செய்ததும் தஜிரி செய்ததும் ஒன்றுதான். கல்லைப் புரட்டிப் பார்த்தார்கள். அடியில் வண்டை வைக்காதது யார் தவறு?

கதை அங்கே முடியவில்லை என்பதுதான் அழகு. சில வருஷம் கழித்து ரசிகர்கள் ஆட்டத்தில் ஒரு பிழையைக் கண்டுபிடித்தார்கள். சண்டைக்கு அழைக்கும் ஒரு குறிப்பிட்ட ஆளின் பார்வையில் படும் அதே கணத்தில் மாயமாக வேறு ஊருக்குப் போய்விட்டு, பிறகு சில காரியங்களை வரிசை மாறாமல் செய்தால் காட்டு மியூ ஒன்று எதிரே வந்து நிற்கும்! இது ஏமாற்று வேலை என்பார்கள் சிலர். அப்படியா? கேம்ஷார்க் கருவியைச் செருகி, நாலு எண்ணைத் தட்டி வரவழைப்பது ஏமாற்று, சரி. ஆனால் இந்தப் பிழையைப் பிடித்தவர்கள் எந்த ஆள் எத்தனை அடி தூரம் பார்ப்பான் என்பதுவரை படித்தவர்கள். பூட்டி வைத்த மியூவை ஓடிப் பிடிக்கும் மியூவாக மாற்றியது அவர்கள்தான்.

நேரம் இல்லாதவர்கள் என்ன செய்வது என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. பரீட்சைக்கு நடுவே ரைக்கோ பின்னால் இருபது நாள் அலைய எல்லோராலும் முடியாது. அவர்கள் மாஸ்டர் பாலை எறியட்டும், பாவமில்லை. நண்பனிடம் வழி கேட்பதும், இணையத்தில் படித்துவிட்டுப் போவதும்கூடத் தப்பில்லை. கல் வைக்கும் யுக்தியை யாராவது சொல்லிக் கொடுத்தாலும், விடியற்காலையில் எழுந்து போய்ப் புரட்ட வேண்டியது ஆட்டக்காரர்தானே! குறை சொல்ல வேண்டியது அவர்களை அல்ல. 'அரிது' என்ற சீட்டை ஒட்டிவிட்டுக் கதவைப் பூட்டி வைத்தவர்களை.

நல்ல காலமாக அவர்களும் கொஞ்சம் கற்றுக்கொண்டிருக்கிறார்கள். 2018-ல் போக்கிமான் கோ ஆட்டத்தில் மியூவை ஒரு தொடர் தேடல் பணியாக எல்லோருக்கும் திறந்துவிட்டார்கள். 2020-ல் வந்த கிரவுன் டண்ட்ரா விரிவாக்கத்தில் ஜாப்டோஸ் தலைதெறிக்க ஓடும், ஆர்டிகுனோ தன்னைப் போலவே நகல்களைக் காட்டிக் குழப்பும். ஒவ்வொன்றுக்கும் ஒரு குணம், குணத்துக்கு ஏற்ற யுக்தி. வேட்டை திரும்ப வந்திருக்கிறது.

அந்த மூன்றாவது ரகத்தின் பையில் மாஸ்டர் பால் இன்னும் கிடப்பதற்குக் காரணம் கஞ்சத்தனம் இல்லை. அதை எறியத் தேவையே வரவில்லை, அவ்வளவுதான்.