அக்மெத் கனாநூல் மறுப்பு

கனாப்பயன் கூறும் நூல்களுட் கிரேக்கமொழியில் வழங்குவதொன்று அக்மெத் கனாநூல். முந்நூற்றின் மேற்பட்ட இயல்களையுடைய இந்நூல், இந்தியர், பாரசீகர், எகிப்தியர் என்னும் மூன்று பழங்குடியினரின் கனாக்கலையைத் திரட்டித் தருவதாகத் தன்னைத்தானே பாராட்டிக்கொள்கின்றது. இந்திய வேந்தனுக்குக் கனாப்பயன் உரைத்தவன் சிர்பாகம் என்றும், பாரசீக வேந்தனுக்கு உரைத்தவன் பாராம் என்றும், எகிப்திய வேந்தனுக்கு உரைத்தவன் தர்பான் என்றும் அந்நூல் கூறும். இதுகொண்டு, பாரதநாட்டுக் கனாக்கலை மேலைநாடு புக்கமைக்கு இதுவே சான்றென்பாரும், தொன்மை மிக்கதாகலின் இதிற் சொல்லிய பயன் தப்பாதென்பாரும் ஆகிய இருதிறத்தார் கூற்றும் பொருந்தாமை ஈண்டுக் காட்டப்படும்.

முதற்கண், நூலாசிரியன் யாவன்? சீரின் என்பானின் மகன் அக்மெத் என்பது நூல் தரும் பெயர். பசரா நகரில் வாழ்ந்து, கனாப்பயன் உரைப்பதிற் புகழ்பெற்ற இபின் சீரின் என்னும் இசுலாமியப் பெரியாரை இது நினைப்பிக்கின்றது. அவர்தம் இயற்பெயர் முகம்மது, அக்மெத் அன்று. அவர் இறந்தது கி.பி. 728ஆம் ஆண்டையொட்டி. நூலினுள்ளோ, சீரின் பெயரினர் மாமூன் என்னும் கலீபாவுக்குக் கனாப்பயன் கூறியதாகக் கதை வருகின்றது. மாமூன் அரசு வீற்றிருந்தது 813 முதல் 833 வரை. இறந்து எண்பத்தைந்து ஆண்டு கழிந்த ஒருவர் எழுந்துவந்து பின்னோர்க்குக் கனாப்பயன் உரைத்தல் கனவிலன்றி நனவில் நிகழாது.

பெயர்ப்பொய் இத்துடன் நின்றதுமில்லை. 1176ஆம் ஆண்டிற் கான்ஸ்டாண்டிநோபிளில் லியோ துஸ்குஸ் என்பார் இதனை இலத்தீனில் ஆக்கினார். பின்னர் 1577ஆம் ஆண்டில் இலத்தீனில் அச்சேறியபோது, அபூ மாஷர் என்னும் சோதிடநூலார் பெயர் இதற்குச் சூட்டப்பெற்றது. அவ்வச்சின் முகப்பும் இந்தியர், பாரசீகர், எகிப்தியர் கொள்கையென்றே பறைசாற்றிற்று. ஒரு பொய் பல கை மாறுவதனால் மெய்யாகிவிடுமோ?

இனி, சிர்பாகம் என்னும் அவ்விந்தியன் பேசுவன யாவை? இறந்தோர் உடலோடு உயிர்த்தெழுதல், வானதூதர், துறக்கச்சோலை என்பன இந்தியர் பெயரால் விரித்துரைக்கப்படுகின்றன. இறந்த உயிர் வினைக்கீடாக வேறுடல் எடுக்கும் என்பது இந்நாட்டுச் சமயங்கள் பலவற்றிற்கும் பொதுவாய கொள்கை. அங்ஙனமிருக்க, ஓர் இந்தியன் மறுபிறப்பை மறந்து, உடலோடெழுதலைக் கனாப்பயனுக்கு முதலாக வைப்பனோ? வாய் இந்தியனது, வாக்குக் கிறித்தவனது. மரியா மவ்ரூதி என்னும் அறிஞர் 2002ஆம் ஆண்டு வெளியிட்ட ஆராய்ச்சியில், இந்நூல் கிறித்தவன் ஒருவன் அரபுமொழிக் கனாநூல்களைத் தழுவிக் கிரேக்கத்தில் இயற்றியதென விரிவாக நிறுவினார். இந்திய மூலம், பாரசீக மூலம், எகிப்திய மூலம் என்பன வெறும் புனைவே.

இந்தியர்தம் மெய்யான கனாவாராய்ச்சி எத்தகையதென்பதைச் சரக சங்கிதையின் இந்திரியத்தானத்துட் காண்க. கண்டது, கேட்டது, நுகர்ந்தது, விரும்பியது, கற்பித்தது, வருவது குறிப்பது, வாதபித்தாதி தோடத்தாற் பிறப்பது எனக் கனவு எழுவகைத்தென்று கூறி, முன்னைய ஐந்தும் பயனற்றனவென்று அந்நூல் விலக்குகின்றது. பகற்கனவும், மிக நெடிய கனவும், மிகக் குறுகிய கனவும் அவ்வாறே விலக்கப்படும். கனவின் காரணத்தை முதலில் ஆராய்ந்து, பின்னரே பயன் கூறப் புகுவது அம்முறை. சிர்பாகத்தின் வாயிலோ இப்பகுப்பின் சாயலும் பிறந்திலது. அரசன் கண்டால் ஒரு பயன், ஏழை கண்டால் வேறொரு பயன், பெண் கண்டால் பிறிதொரு பயன் என்று பட்டியல் நீள்கின்றது.

அற்றேல், பெயர் பொய்யாயினும் இந்தியர்க்குப் பெருமையே தந்தது. அதனை மறுப்பானேன் எனின், அது பேதைமையாம். உரையளவைக்கு உயிராவது உரைத்தவன் ஆப்தனாதல். உரைத்தவனே இல்பொருளாயின் உரை எதன்மேல் நிற்கும்? அன்றியும், அரபுநாட்டார் பல்லாண்டு முயன்று தொகுத்த பொருளைக் கவர்ந்து, அவர்தம் சமயச் சாயலை மறைத்து, சேய்மைநாட்டார் பெயரை அதன்மேல் எழுதினான் அவ்வாசிரியன். அப்பெயரை ஏற்று மகிழ்வார், களவிற் பங்கு கொள்வாரே யாவர். பிறர் பொருளைத் தம்மதென்று ஒருவன் கொணர்ந்து கொடுப்பினும், அன்றென்று மறுத்துரியவர்க்கு உரைத்தலன்றோ சான்றோர் கடன்!

இனித் தொன்மை கருதி அஞ்சுவார்க்குக் கூறத்தக்கது சிறிதே. இந்நூல் ஆயிரம் ஆண்டளவு பழையதென்பது மெய். ஆயினும், பழைய பொய் பழையதாதலன்றி மெய்யாகாது. தீக்கனாக் கண்டு, இந்நூலைப் புரட்டி, மணத்தையும் பயணத்தையும் நிறுத்துவான் ஒருவன், இல்லாத இந்தியன் சொல்லாத சொல்லுக்குத் தன் வாழ்நாளைப் பணையம் வைக்கின்றான். கனவு விழித்தவுடன் நீங்கும். ஆராயாது கொண்ட நூலச்சமோ விழித்திருக்கும்போதே வருத்தும். ஆதலின், எந்நூலையும் ஆசிரியன், மூலம், காலம், ஏது என்னும் நான்கினும் வைத்து ஆராய்ந்து, மெய்யாயின் கொள்ளுதலும் பொய்யாயின் தள்ளுதலும் அறிவுடையோர் கடனென்க.