வாங்கியதா, இரவலா?

நின்டெண்டோ 3டிஎஸ் கருவிக்கான இணையக் கடை 2023 மார்ச்சில் விற்பனையை நிறுத்திக்கொண்டது. முன்பே வாங்கிய விளையாட்டுகளை மீண்டும் பதிவிறக்கலாம். எதுவரை என்பதற்குத் தேதி ஏதும் அறிவிக்கப்படவில்லை. ஆகவே பதிவிறக்கியவை எங்கே இருக்கின்றன என்ற கேள்வி அற்பமானதன்று.

எஸ்டி அட்டையில்தானே, என்பார் உளர். அதனைக் கணினியில் செருகிப் பார்க்கட்டும். கருவியின் பெயரில் ஒரு கோப்புறை. அதனுள் எண்ணும் எழுத்தும் விரவிய, 32 குறிகள் நீண்ட பெயருடன் இரு கோப்புறைகள், ஒன்றனுள் ஒன்றாக. அவற்றின் அடியில் மறையாக்கம் செய்யப்பட்ட கோப்புகள். விளையாட்டின் பெயர் எங்கும் இல்லை. அவ்வட்டையை மற்றொரு 3டிஎஸ்ஸில் இட்டால் அக்கருவி அவற்றை அறியாது. கருவியைத் தொடக்க நிலைக்கு மீட்டாலோ, அதே அட்டை அதே கருவிக்கே அயலாகிவிடும். ஒரு கருவியிலிருந்து மற்றொன்றுக்கு மாற்றும் வசதி உண்டே என்பது வழக்கமான மறுமொழி. அதற்குப் பழைய கருவி இயங்கும் நிலையில் இருக்கவேண்டுமே! இதற்கு அமைப்புகளில் இட்டிருக்கும் பெயர் 'தரவு மேலாண்மை'. மேலாண்மையாவது! பயனர் அங்கே செய்ய இயல்வது பெரும்பாலும் அழிப்பதே.

உரிமத்தை மட்டும் விற்போர், அதனைத் தெளிவாக அறிவிக்காமல் 'வாங்குக' என்னும் சொல்லை ஆளக்கூடாது என்ற கலிபோர்னியச் சட்டம் 2025 சனவரி 1 முதல் நடப்பில் உள்ளது. சொல்லைத் திருத்தினார்கள், பூட்டைத் தொடவில்லை. தமிழில் விலைக்கு வாங்குவதும் வாங்குவதே, இரவல் வாங்குவதும் வாங்குவதே; அந்தப் பொத்தானுக்கு இதைவிடப் பொருத்தமான சொல் இல்லை. ஆயினும் நிறுவனம் பெற்றுக்கொண்ட பணம் இரவலன்று. கடையை மூடியோர், கோப்புகளைத் திறக்கும் சாவியைப் பணம் கொடுத்தவர்களிடம் ஒப்படைக்கவேண்டும்.