திருத்தம் என்றாலே அச்சமா?



பொத்தேரியில் மஃரிபுக்குப் பின் நடக்கும் எங்கள் மதரஸா வகுப்பில், பன்னிரண்டாம் வகுப்புப் படிக்கும் மாணவர் ஒருவர் கேட்டார்: "ஹஜ்ரத், அரசியலமைப்பைத் திருத்தப் போகிறார்களாமே, நம் கதி என்னவாகும்?" நம் வீடுகளில் பேசப்படும் அச்சமே அந்தப் பிள்ளையின் வாயிலாக வெளிப்பட்டது.

கல்லூரிக்கு விண்ணப்பிக்கையில் அவர் இணைக்கவிருக்கும் பி.சி. முஸ்லிம் சான்றிதழுக்குப் பின்னாலும் ஓர் அரசியலமைப்புத் திருத்தமே நிற்கிறது என்று அவருக்கு விளக்கினேன். அன்றைய சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி அரசாணை, கல்லூரி இடங்கள் 14 எனில் அவற்றுள் ஒன்றை முஸ்லிம்களுக்கு ஒதுக்கியது. செண்பகம் துரைராஜன் வழக்கில், 1951 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அவ்வாணை செல்லாதெனத் தீர்ப்பளித்தது. தமிழ்நாடு கொந்தளித்தது, பெரியார் களமிறங்கினார். அதே ஆண்டு ஜூனில் முதலாவது திருத்தம் நிறைவேறி, கல்வியில் பிற்படுத்தப்பட்டோருக்குச் சிறப்பு ஏற்பாடு செய்ய 15(4) வழிவகுத்தது. 1994-இல் 76ஆவது திருத்தம், தமிழ்நாட்டின் 69 விழுக்காடு இடஒதுக்கீட்டுச் சட்டத்தை ஒன்பதாம் அட்டவணையில் சேர்த்தது. 2007 முதல் பிற்படுத்தப்பட்ட முஸ்லிம்களுக்கு 3.5 விழுக்காடு உள்ஒதுக்கீடும் கிடைத்தது. அல்ஹம்துலில்லாஹ்!

எல்லாத் திருத்தமும் நன்மையே என்பதும் பிழை. நெருக்கடி நிலைக் காலத்தில், 1976-இல் வந்த 42ஆவது திருத்தம் முகவுரையில் 'சமயச்சார்பற்ற' என்னும் சொல்லைச் சேர்த்தது. அதுவே நீதிமன்றங்களின் அதிகாரத்தையும் குறுக்கியது. அடுத்து வந்த ஜனதா ஆட்சியில் 43, 44ஆம் திருத்தங்கள் அத்தீங்கில் பெரும்பகுதியைக் களைந்தன.

ஆகவே, ஒவ்வொரு திருத்தத்தையும் ஒரு கேள்வியால் உரசிப் பார்க்க வேண்டும்: இது எவருடைய உரிமையை விரிக்கிறது, எவருடைய உரிமையைச் சுருக்குகிறது?

'ஒரே நாடு ஒரே தேர்தல்' மசோதாவை எடுத்துக்கொள்வோம். அதன்படி, இடையில் கலைந்த சட்டமன்றத்துக்குத் தேர்தல் நடந்தால், புதிய சட்டமன்றம் எஞ்சிய காலத்துக்கு மட்டுமே நீடிக்கும். ஐந்தாண்டுக்கு வாக்களித்து வந்த மாநில மக்களின் உரிமையை இது சுருக்குகிறது. ஆதலால் நான் இதனை ஏற்கவில்லை. 2024 டிசம்பர் 17 அன்று மக்களவையில் இதனை அறிமுகம் செய்ய ஆதரவாக 269 பேரும் எதிராக 198 பேரும் வாக்களித்தனர். அறிமுகத்திற்கு அது போதும். நிறைவேற்ற வேண்டுமாயின், வாக்களிப்போரில் மூன்றில் இரு பங்கு தேவை. அன்றைய 467 பேரில் 312 பேர்.

அந்த நிபந்தனை ஏன்? அரசியலமைப்பு நாட்டு மக்கள் அனைவரும் தம்முள் செய்துகொண்ட உடன்படிக்கை. ஒரு தரப்பார் மட்டும் அதனை மாற்றலாகாது. உடன்படிக்கைகளை நிறைவேற்றுமாறு திருக்குர்ஆன் (5:1) கட்டளையிடுகிறது. நபி (ஸல்) அவர்கள் மதீனாவில் யூதக் குலத்தாரையும் இணைத்து உடன்படிக்கை எழுதினார்கள்.

எனவே பெற்றோர்களே, வாட்ஸ்அப்பில் வரும் அச்சத்தைப் பிள்ளைகளுக்குக் கடத்தாதீர்கள். மசோதாவில் இருப்பதைப் படித்துச் சொல்லுங்கள். உங்கள் கருத்தைத் தொகுதி எம்.பி.க்கு எழுதுங்கள். பதினெட்டு நிறைந்த பிள்ளைகளின் பெயர் வாக்காளர் பட்டியலில் உள்ளதா என்று பாருங்கள்.

வல்ல ரஹ்மான் நமக்குத் தெளிவையும் நீதியின்பால் உறுதியையும் தந்தருள்வானாக! ஆமீன்.