ஒரகடத்தில் உருவாகாத கார்

ஸ்ரீபெரும்புதூரை அடுத்த இருங்காட்டுக்கோட்டையில் கார் பந்தயத் தடம் 1990-லேயே வந்துவிட்டது. அருகிலுள்ள ஹூண்டாய் ஆலையிலிருந்து முதல் சான்ட்ரோ வெளிவந்தது 1998-ல்தான். தொழிற்சாலைகள் வந்த பிறகு பொழுதுபோக்குக்காக அமைக்கப்பட்டதே அந்தத் தடம் என்று என் மாணவர்கள் பலர் நினைத்திருந்தார்கள். தொழிற்பொருளியல் கற்பித்த ஆண்டுகளில் அவர்களை இந்தப் பகுதிக்கு அழைத்து வருவது என் வழக்கம். ஒருமுறை ஓர் ஆலையின் வாயிலில் அனுமதிச் சீட்டுக்காகக் காத்திருந்தபோது, தொலைவில் பந்தய கார்களின் இரைச்சல் கேட்டது. “சார், அந்த கார்களையும் இங்கேதான் செய்றாங்களா?” என்று ஒரு மாணவி கேட்டார். இல்லை என்றேன். “ஏன் சார்?” என்ற அடுத்த கேள்விக்கு அன்று என்னிடம் ஒழுங்கான பதில் இருக்கவில்லை.

அந்தக் கேள்வியை இப்போது நினைவுபடுத்தியவை 2025-ல் நிகழ்ந்த இரண்டு மாற்றங்கள். ஒரகடத்தில் நிசானுடன் சேர்ந்து நடத்திவந்த ஆலையில், நிசான் வசமிருந்த 51 சதவீதப் பங்குகளையும் ரெனால்ட் வாங்கிக்கொண்டது. அதே ரெனால்ட், 1977-ல் தொடங்கிய தன் ஃபார்முலா ஒன் இன்ஜின் தயாரிப்பை அந்த ஆண்டின் பந்தயங்களோடு நிறுத்திக்கொண்டது. ஒரு முனையில் உற்பத்திக்கு முழு உரிமை. மறுமுனையில், தன் பெயரை உலகறியச் செய்த வடிவமைப்புப் பணிக்கு விடை. இரண்டையும் ஒன்றாக வைத்துப் பார்க்க வேண்டும்.

ரெனால்டுக்கு முதன்முதலாக உலக சாம்பியன் பட்டங்கள் இரண்டையும் ஒருசேர வாங்கித் தந்த கார் 2005-ன் ஆர்25. அதன் இன்ஜினுக்கு ஒரு முன்கதை உண்டு. பத்து சிலிண்டர்களை ஐந்தைந்தாக இரு வரிசையில் நிறுத்தும்போது, வரிசைகளுக்கு இடையிலான கோணம் பெரும்பாலும் 72 முதல் 90 பாகை வரை இருக்கும். 2001 முதல் 2003 வரை ரெனால்ட் அதை 111 பாகையாக விரித்துப் பார்த்தது. இன்ஜின் தாழ்வாகப் படிந்திருக்கும், எடைமையம் கீழிறங்கும், வளைவுகளில் கார் தரையைப் பற்றிக்கொண்டு ஓடும். காகிதத்தில் அழகான யோசனை. நடைமுறையில் அதிர்வும் பழுதும் துரத்தின. 2004-ல், பந்தய வார இறுதி முழுவதற்கும் ஒரே இன்ஜின்தான் என்று விதி வந்தது. பொறியாளர்கள் பிடிவாதம் பிடிக்காமல் 72 பாகைக்குத் திரும்பினார்கள். 2005-ல் விதி மேலும் இறுகியது: ஓர் இன்ஜின் இரண்டு பந்தயங்களுக்குத் தாக்குப்பிடிக்க வேண்டும், தகுதிச் சுற்றுக்கும் பந்தயத்துக்கும் சேர்த்து ஒரே தொகுதி டயர்கள்.

அந்த ஆண்டின் வேகமான கார் ஆர்25 அல்ல, மெக்லாரன் கார்தான். 19 பந்தயங்களில் மெக்லாரன் பத்தில் வென்றது, ரெனால்ட் எட்டில். ஆனால் மெக்லாரனின் கிமி ரைக்கோனனுக்கு இன்ஜின் மாற்றியதற்கான தண்டனைகளும் நடுவழிப் பழுதுகளும் மாறி மாறி வந்தன. நூர்பர்க்ரிங்கில் கடைசிச் சுற்றில் முன்னிலையில் இருந்தபோது அவருடைய காரின் முன்பக்க சஸ்பென்ஷன் முறிந்தது. பின்னால் வந்த ஃபெர்னான்டோ அலோன்சோ வென்றார். அலோன்சோ அந்த ஆண்டு முழுவதும் இயந்திரக் கோளாறால் ஒரு பந்தயத்தைக்கூடப் பாதியில் கைவிடவில்லை. இறுதிக் கணக்கில் அவருக்கு 133 புள்ளிகள், ரைக்கோனனுக்கு 112. அணிகளுக்கான பட்டமும் 191-க்கு 182 என்று ரெனால்டுக்கே வந்தது. 2006-ல் ஆர்26 அதைத் தக்கவைத்தது.

அதே 2005-ல்தான் கோவையைச் சேர்ந்த நரேன் கார்த்திகேயன், ஜோர்டான் அணியில் ஃபார்முலா ஒன் ஓட்டிய முதல் இந்தியரானார். அமெரிக்க கிராண்ட் பிரீயில் மிஷெலின் டயர்களின் பாதுகாப்பு குறித்த ஐயத்தால், ஆர்25 உட்பட 14 கார்கள் தொடக்கத்துக்கு முன்பே விலகிக்கொண்டன. ஓடிய ஆறில் நரேன் நான்காவதாக வந்தார். ஆறில் நான்கா என்று ஏளனம் செய்தவர்கள் உண்டு. பந்தயத் தொடக்கத்தில் இருப்பதும் பந்தயத்தின் ஒரு பகுதிதானே!

நரேன் தன் முதல் பந்தயத்தை ஓட்டியது இருங்காட்டுக்கோட்டையில். ஓட்டிய கார் ஃபார்முலா மாருதி. நம் விவாதத்துக்கு ஆர்25-ஐ விட முக்கியமானது இந்தக் கார்தான். கோவை லட்சுமி மில்ஸ் குடும்பத்தைச் சேர்ந்த கரிவரதன் 1988-ல் அதை வடிவமைத்தார். பந்தய கார்களை இறக்குமதி செய்வது செல்வந்தர்களுக்கே பெரும்பாடாக இருந்த காலம் அது. மாருதி 800-ன் மூன்று சிலிண்டர், 796 சிசி இன்ஜினை எடுத்து, உள்நாட்டில் செய்த ஒற்றை இருக்கைச் சட்டகத்தில், ஓட்டுநரின் முதுகுக்குப் பின்னால் பொருத்தினார். எல்லாருக்கும் ஒரே கார் என்பதால் பணத்தைவிடத் திறமை பேசியது. எந்த ஊர் மெக்கானிக்கும் உதிரிபாகம் தேடித் தவிக்க வேண்டியதில்லை. ரெனால்ட் விதிகளின் நெருக்கடியில் செய்ததை, இவர் பொருளாதாரத்தின் நெருக்கடியில் செய்தார். 1995-ல் விமான விபத்தில் அவர் இறந்துபோனது நமக்குப் பேரிழப்பு.

பிறகு தாராளமயம் வந்தது; ஹூண்டாய், ரெனால்ட்-நிசான், டெய்ம்லர், யமஹா என்று உலக நிறுவனங்கள் இந்த நாற்பது கிலோமீட்டர் சுற்றளவுக்குள் வந்து சேர்ந்தன. ஒரகடத்தில் மத்திய அரசின் வாகனச் சோதனை மையமும் இருக்கிறது. இவ்வளவுக்குப் பிறகும், சென்னையின் டயர் நிறுவனமான எம்ஆர்எஃப் நடத்திய ஃபார்முலா 2000 தொடருக்கு உடற்கட்டு இத்தாலியின் டல்லாராவிடமிருந்து வந்தது. 2024 ஆகஸ்ட் இறுதியில் தீவுத்திடலைச் சுற்றி இரவில் சீறிய ஃபார்முலா 4 கார்கள் பிரான்ஸில் செய்யப்பட்டவை. கோவை மரபில் வந்த ஃபார்முலா எல்ஜிபி கார்கள் இன்னமும் ஓடுகின்றன. அவற்றுக்கு விளக்கொளியும் இல்லை, விளம்பரமும் இல்லை.

இங்கே திறமை இல்லை என்று சொல்ல முடியாது. 2015-ல் வந்த ரெனால்ட் க்விட், பெரும்பாலும் சென்னைப் பொறியாளர்களால், மூன்று லட்சம் ரூபாய்க்கும் குறைவான தொடக்க விலையை இலக்காக வைத்து உருவாக்கப்பட்டது. பாகங்களில் மிகப் பெரும்பகுதி உள்நாட்டுத் தயாரிப்பு. அடுத்த ஆண்டே மோதல் சோதனையில் அந்தக் கார் ஒரு நட்சத்திரம்கூடப் பெறவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். விலையை இலக்காக வைத்தால் விலை கிடைக்கும். வேறொன்றை இலக்காக வைத்திருந்தால் அதுவும் கிடைத்திருக்கும் என்றே நான் கருதுகிறேன்.

ஆக, மாணவியின் கேள்விக்கான பதில் ஊக்கத்தொகைகளின் வடிவத்தில் இருக்கிறது. நிலம், மின்சாரம், வரித் திருப்பம் ஆகியவற்றை அரசு அளிக்கும்போது பேரம் இரண்டு எண்களைச் சுற்றியே நடக்கிறது: எத்தனை கோடி முதலீடு, எத்தனை பேருக்கு வேலை. 2022-ல் ஆராய்ச்சி, மேம்பாட்டுக்கென மாநிலத்துக்குத் தனிக் கொள்கை வந்தது, நல்லதுதான். ஆனாலும் புரிந்துணர்வு ஒப்பந்தம் கையெழுத்தாகும் நாளில் தலைப்புச் செய்தியாவது அந்த இரண்டு எண்கள்தான். எண்ணப்படாததை எந்த நிறுவனமும் தானாக முன்வந்து தராது. இரண்டாம், மூன்றாம் அடுக்கு உதிரிபாக ஆலைகளின் நிலை இன்னும் மோசம்: வந்த வரைபடத்தின்படி செய்து கொடுப்பதே அவற்றின் தொழில். அந்த ஆலைகளில் ஒப்பந்தப் பயிற்சியாளராகச் சேரும் டிப்ளமோ இளைஞர், மூன்றாண்டுகள் கழித்து வெளியேறும்போது ஒரே ஓர் இயந்திரத்தை இயக்கத்தான் கற்றிருக்கிறார்.

கார் பந்தயம் பணக்காரர்களின் விளையாட்டு, அதற்கு ஏன் அரசுப் பணம் என்று நண்பர்கள் கேட்கிறார்கள். தெருப் பந்தயத்தைப் பொறுத்தவரை நானும் அவர்கள் பக்கம்தான். இரண்டு நாள் காட்சிக்காக ஒரு நகரச் சாலையை மாற்றியமைக்கும் செலவில், மூன்று பருவங்களுக்கு ஓர் உள்நாட்டு கார் தொடரை நடத்திவிடலாம் என்பது என் ஊகம். நான் கேட்பது வேறு. பொறியியல் மாணவர்கள் தாங்களே வடிவமைத்துக் கட்டிய ஒற்றை இருக்கை கார்களோடு போட்டியிடும் ஃபார்முலா பாரத், கோவை செட்டிபாளையத்தில், கரிவரதன் பெயர் தாங்கிய தடத்தில் நடக்கிறது. ஸ்ரீபெரும்புதூரைச் சுற்றியுள்ள கல்லூரிகளின் குழுக்கள் தங்கள் காரை லாரியில் ஏற்றிக்கொண்டு சுமார் ஐந்நூறு கிலோமீட்டர் போகின்றன. கல்லூரி வாசலிலிருந்து அரை மணி நேரத்தில் ஒரு தடமும், அதைச் சுற்றி உலகின் பெரிய வாகன ஆலைகளும் இருக்கின்றன.

ஒரகடம் ஆலை இப்போது ஒரே முதலாளியின் கைக்கு வந்திருக்கிறது. புதிய மாடல்களுக்கான சலுகைகள் குறித்து அந்நிறுவனம் அரசிடம் மீண்டும் பேச வரும். ஆண்டுக்கு எத்தனை வரைபடங்கள் இங்கே பிறக்கும், எத்தனை உள்ளூர்ச் சிறு ஆலைகள் வடிவமைப்பில் பங்கேற்கும், எத்தனை மாணவர் குழுக்களுக்கு இன்ஜினும் சோதனை நேரமும் கிடைக்கும் என்ற மூன்று கேள்விகளை அந்த மேசையில் நம் அதிகாரிகள் வைக்கலாம். அதற்குத் தனிச் செலவு எதுவும் ஆகாது.